நகைச்சுவைக் கலைஞனுக்கு ஊர் தர வேண்டிய மேடை

ஒரு சமூகம் தன் கலைஞர்களுள் யாரை எந்த வரிசையில் உட்கார வைக்கிறது என்பதைக் கவனித்தால், அது எதை உயர்வென்றும் எதை வெறும் பொழுதுபோக்கென்றும் மனத்துக்குள் நினைக்கிறது என்பது ஒருவாறு விளங்கிவிடும். நம் தமிழ்நாட்டிலே சங்கீத வித்துவானுக்கு ஒரு ஸ்தானம் உண்டு. நாட்டியக் கலைஞருக்கு ஒரு ஸ்தானம் உண்டு. கண்ணீர் சிந்த வைக்கும் குணசித்திர நடிகருக்கும், மேடையில் முழங்கும் பிரசங்கிக்கும்கூட உரிய மரியாதை கிடைக்கிறது. ஆனால் நூற்றுக்கணக்கானோர் கூடிய சபையில் தன்னந்தனியாக எழுந்து நின்று, கையில் வாத்தியமோ பக்கத்தில் துணையோ இல்லாமல், வாய்ச்சொல் ஒன்றையே மூலதனமாகக் கொண்டு அத்தனை பேரையும் ஒரே கணத்தில் சிரிக்க வைக்கிறானே, அந்த ஹாஸ்யக் கலைஞனை மட்டும் 'காமெடியன்' என்று சொல்லிக் கடைசி வரிசைக்கு அனுப்பிவிடுகிறோம். இது நியாயமன்று என்பது என் நெடுநாளைய அபிப்பிராயம். அதற்குச் சான்றாக நடிகர் விவேக்கின் வாழ்க்கையை வாசகர்முன் வைக்க விரும்புகிறேன்.

2021ஆம் ஆண்டு ஏப்ரல் 17ஆம் தேதி விடியற்காலையில், மாரடைப்புக்கு ஆளாகிச் சென்னையில் சிகிச்சை பெற்றுவந்த விவேக் காலமானபோது அவருக்கு வயது 59. கொரோனா இரண்டாம் அலையின் பயம் நாடெங்கும் பரவியிருந்த அந்த நாளிலும் ஜனங்கள் அஞ்சலி செலுத்த வந்தார்கள். காவல்துறை மரியாதையோடு அவருடைய இறுதிச் சடங்கு நடந்தது. இவற்றைவிட என் மனத்தில் தங்கிவிட்டது வேறொன்று. சென்னைக்குப் போக முடியாதவர்கள், அவரை ஒருமுறையேனும் நேரில் கண்டிராதவர்கள், தத்தம் ஊர்களிலே ஆளுக்கொரு மரக்கன்றை நட்டு அவருக்கு அஞ்சலி செய்தார்கள். தம்மைச் சிரிக்க வைத்த ஒரு மனிதர் மறைந்தால் அழுவது இயற்கை. அவர் செய்துகொண்டிருந்த ஒரு காரியத்தை அன்றைக்கே கையில் எடுத்துக்கொண்டு தொடர்வது அபூர்வம். அந்த அபூர்வம் அவருக்கு வாய்த்தது எதனால் என்பதைச் சிந்திக்க வேண்டும்.

1961ஆம் ஆண்டு நவம்பர் 19ஆம் தேதி பிறந்த விவேக், தெற்கத்திச் சீமைக்காரர். மதுரை அமெரிக்கன் கல்லூரியில் வணிகவியல் படித்தவர். பட்டம் பெற்றபின் நம் நடுத்தரக் குடும்பத்துப் பிள்ளைகள் எல்லாரும் செய்வதையே அவரும் செய்தார்: அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் தேர்வை எழுதித் தேறி, சென்னைத் தலைமைச் செயலகத்தில் உத்தியோகத்தில் அமர்ந்தார். அதோடு திருப்தியடைந்திருந்தால் படிப்படியாகப் பதவி உயர்ந்து, ஓய்வூதியம் வாங்கி, அண்டை வீட்டார் மட்டும் அறிந்த ஒரு நல்ல மனிதராக அவர் வாழ்ந்து முடித்திருக்கக்கூடும். அப்படி நேராதபடி தடுத்தது சினிமா என்று பலர் நினைக்கிறார்கள். சினிமாவுக்கு முன்பே அவருக்கு ஒரு மேடை கிடைத்திருந்தது என்பதை அவர்கள் மறந்துவிடுகிறார்கள்.

அந்த மேடைதான் சென்னையின் 'ஹியூமர் கிளப்'. உத்தியோகஸ்தர்களும் குடும்பஸ்தர்களும் மாணவர்களும் கூடி, ஒருவர்பின் ஒருவராக எழுந்து நின்று, தாம் கண்டதையும் கேட்டதையும் சிரிப்பாகச் சொல்லிவிட்டு அமரும் எளிய சபை அது. இந்நாளில் 'ஸ்டாண்ட் அப் காமெடி' என்று டிக்கெட் வைத்து நடத்துகிறார்களே, அதை அந்நாளில் அந்தச் சபையினர் ஒரு காசும் எதிர்பாராமல் செய்துகொண்டிருந்தார்கள். அங்கே விவேக் சிறந்த ஹாஸ்யக்காரர் என்று பெயரெடுத்தார். சங்கத்தை நிறுவியவர்களுள் ஒருவரான பி.ஆர். கோவிந்தராஜன்தான் அவரை இயக்குநர் கே. பாலசந்தரிடம் அறிமுகம் செய்து வைத்தார். பாலசந்தர் முதலில் அவருக்குக் கொடுத்தது நடிப்பு வேலையன்று, எழுத்து வேலை. கதை விவாதத்தில் உட்காரவும் வசனத்துக்கு உதவவும் வந்த அந்த வாலிபரை 1987இல் வெளிவந்த 'மனதில் உறுதி வேண்டும்' படத்தில் சுகாசினியின் தம்பியாக அவரே திரைக்குக் கொண்டுவந்தார். 1989இல் வந்த 'புதுப்புது அர்த்தங்கள்' படத்தில், இன்றைக்குச் செத்தால் நாளைக்கே பால் என்று வாழ்வின் நிலையாமையை விளையாட்டாகச் சொல்லிக்கொண்டு திரிந்த பாத்திரம் அவரை வீட்டுக்கு வீடு தெரிந்தவராக்கியது.

இந்த வரிசைக்கிரமத்தை வாசகர்கள் கருத்தூன்றிப் பார்க்க வேண்டும். முதலில் மேடை, பிறகு எழுத்து, அதன் பிறகே நடிப்பு. ஜனங்களின் முகத்தைப் பார்த்து, எந்தச் சொல்லுக்கு அந்த முகம் மலர்கிறது, எதற்குச் சுருங்குகிறது என்று நேருக்கு நேர் கற்றுக்கொண்டவர் என்பதனால்தான், பிற்காலத்தில் காமிராவின் முன் நின்றபோதும் அவருடைய பேச்சில் ஒரு சபையை நோக்கிப் பேசும் தோரணை இருந்தது. தொண்ணூறுகளில் சிறிய வேடங்களில் காத்திருந்து, 2000ஆம் ஆண்டுக்குப் பிறகு 'மின்னலே', 'ரன்', 'தூள்', 'சாமி', 'பேரழகன்', 'அந்நியன்', 'சிவாஜி' என்று கதாநாயகனுக்குச் சமமாக ரசிகர்கள் எதிர்பார்க்கும் நடிகராக அவர் உயர்ந்ததற்கும், தமிழக அரசின் சிறந்த நகைச்சுவை நடிகர் விருதைப் பலமுறை பெற்று 2009இல் பத்மஸ்ரீ விருதையும் அடைந்ததற்கும் அஸ்திவாரம் அந்தச் சிறிய சபையில் இடப்பட்டது.

அவருடைய ஹாஸ்யத்தின் இயல்பைக் காட்ட இரண்டு காட்சிகளைச் சொன்னால் போதும். 'ரன்' படத்தில், பிழைப்புத் தேடிச் சென்னைக்கு வந்த ஒரு அப்பாவி, கால் வைத்த இடமெல்லாம் ஏமாந்து, கைப்பொருளை இழந்து, மலிவாகக் கிடைக்கிறதே என்று ஆசையோடு சாப்பிட்ட பிரியாணி காக்கைப் பிரியாணி என்று அறிந்து திகைக்கிறான். நாம் வயிறு குலுங்கச் சிரிக்கிறோம். ஆனால் நகரத்துக்குப் புதிதாக வரும் ஏழையை அந்நகரம் எப்படி வரவேற்கிறது என்பதும் அந்தச் சிரிப்போடு நம் உள்ளத்தில் இறங்கிவிடுகிறது. வேறொரு படத்துக் காட்சியிலே, எத்தனையோ இரும்புப் பாகங்களைக் கொண்டு நிபுணர்கள் செய்து முடித்த லாரி, அவற்றால் ஓடாமல் ஓர் எலுமிச்சம்பழத்தாலா ஓடப்போகிறது என்று அவர் கேட்கிறார். பகுத்தறிவைப் பற்றி மணிக்கணக்காகப் பிரசங்கம் செய்தாலும் காது கொடுக்காத ஒருவர்கூட அந்த ஒற்றைக் கேள்வியைக் கேட்டுச் சிரித்துவிட்டு, சிரித்தபின் ஒரு கணம் யோசிக்கவும் செய்கிறார்.

கடம்பத்தூர்க்காரனாகிய எனக்கு அந்த லாரிக் காட்சி தனியொரு நெருக்கமுடையது. எங்கள் பக்கத்துச் சாலைகளிலே லாரிகளுக்குக் குறைவில்லை; கும்மிடிப்பூண்டி சிப்காட்டுக்கும் ஸ்ரீபெரும்புதூருக்கும் சரக்கேற்றிக்கொண்டு இரவும் பகலும் ஓடும் அந்த வண்டிகளின் முகப்பில் எலுமிச்சம்பழமும் பச்சை மிளகாயும் கோத்துத் தொங்குவதை நாள்தோறும் பார்க்கிறோம். ஒருநாள் மாலை அரக்கோணம் செல்லும் மின்சார ரயிலிலே, தொழிற்சாலைச் சீருடை மாற்றாமல் அசதியோடு நின்றிருந்த ஓர் இளைஞர் தம் கைப்பேசியில் இந்தக் காட்சியைச் சற்றுச் சத்தமாகவே வைத்திருந்தார். திருவள்ளூர் தாண்டுவதற்குள் அந்தச் சிறிய திரையைச் சுற்றி நாலைந்து தலைகள் கூடிவிட்டன. அவர்களுள் ஒருவர், "அண்ணே, நம்ம வண்டிலயும் கட்டிருக்கோம்ணே" என்று பக்கத்திலிருந்தவரிடம் சொல்லிவிட்டுத் தாமே பெரிதாகச் சிரித்தார். தம் பழக்கத்தைக் கேலி செய்த கலைஞர்மீது கோபம் கொள்ளாமல், அந்தக் கேலியில் தாமும் பங்குகொண்ட அந்த லாரித் தொழிலாளியின் முகத்தில் நான் கண்டது, எந்தப் பிரசாரகனும் எளிதில் பெற முடியாத வெற்றி.

இந்த வித்தை விவேக்கோடு பிறந்ததன்று. அவருக்கு முன் இதைப் பூரணமாகக் கையாண்ட மகான் ஒருவர் உண்டு. 1908ஆம் ஆண்டு நவம்பர் 29ஆம் தேதி நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியிலே ஏழைக் குடும்பத்தில் பிறந்து, வில்லுப்பாட்டிலும் நாடக மேடையிலும் பழகி, டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவிலே வளர்ந்து, 1930களில் திரைக்கு வந்த கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனே அவர். கதையோடு ஒட்டியும் ஒட்டாமலும் தனியே எழுதப்படும் நகைச்சுவைப் பகுதிக்குத் தமிழ்ப் படத்தில் ஓர் அந்தஸ்தை உண்டாக்கியவர் அவர். டி.ஏ. மதுரத்தோடு சேர்ந்து அவர் நடித்த காட்சிகளிலே மதுவிலக்கும், தீண்டாமை ஒழிப்பும், விஞ்ஞானத்தின் மேன்மையும் கசப்புத் தெரியாமல் ஜனங்களைப் போய்ச் சேர்ந்தன. லட்சுமிகாந்தன் கொலை வழக்கிலே 1944இல் கைதாகி, ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டு, பிரிவி கவுன்சில் வரை வழக்காடி, 1947இல் விடுதலையாகி வெளியே வந்த பிறகும் அவர் சிரிப்பைக் கைவிடவில்லை. அறிஞர் அண்ணாவின் எழுத்தில் உருவான 'நல்லதம்பி' 1949இல் வந்தது; அவரே இயக்கிய 'மணமகள்' 1951இல் வந்தது. 1957ஆம் ஆண்டு ஆகஸ்டு 30ஆம் தேதி அவர் மறைந்தபோது மிஞ்சியது அவர் கொடுத்துக் கொடுத்துத் தேய்ந்த கைகளின் புகழே. விவேக்கைச் 'சின்னக் கலைவாணர்' என்று தமிழர்கள் அழைத்தபோது இந்தப் பரம்பரையைத்தான் நினைவில் கொண்டார்கள்.

இந்தப் பரம்பரையின் வேரைத் தேடி எங்கும் போக வேண்டியதில்லை; எங்கள் திருவள்ளூர் மாவட்டத்துத் திரௌபதி அம்மன் கோவில் வாசலிலேயே அது இருக்கிறது. பகலிலே பாரதப் பிரசங்கமும் இரவிலே தெருக்கூத்துமாக நடக்கும் திருவிழாவில் முதலில் வந்து நிற்பவன் கட்டியங்காரன். இரண்டு பேர் பிடித்த திரைக்குப் பின்னாலிருந்து துரியோதனன் கிரீடமும் புஜக்கட்டையுமாக அட்டகாசத்தோடு பாடிக்கொண்டு வருகையில், அவனைப் பார்த்து 'நீ யாரப்பா?' என்று பயமின்றிக் கேட்கும் உரிமை அந்தச் சபையிலே கட்டியங்காரன் ஒருவனுக்கே உண்டு. ராஜா தன் கீர்த்தியை ராகத்தோடு சொல்லச் சொல்ல, கட்டியங்காரன் பார்வையாளர் பக்கம் திரும்பி, அதை ரேஷன் கடைச் சர்க்கரைக்கும், உடைந்து கிடக்கும் ஏரி மதகுக்கும், ஓட்டுக் கேட்க வந்து போனவரின் வாக்குறுதிக்கும் முடிச்சுப் போட்டுப் பேசுவான். பாயை விரித்துப் படுத்திருந்த கிழவி எழுந்து உட்கார்ந்து சிரிப்பாள், நாட்டாண்மைக்காரரும் சிரிப்பார், யாரைக் குறித்துச் சொன்னானோ அவரும் வேறு வழியின்றிச் சிரிப்பார். சமஸ்கிருத நாடகத்து விதூஷகனைப் புத்தகத்தில் படிக்கிறோம். எங்கள் ஊர் விதூஷகனையோ கண்ணெதிரே காண்கிறோம். ஒரு மனிதன் தனியே எழுந்து நின்று சிரிக்கச் சிரிக்க உண்மை பேசும் கலை மேல்நாட்டிலிருந்து நேற்று வந்திறங்கியது என்று நினைப்பவர்கள் ஓர் இரவு கண்விழித்துக் கூத்துப் பார்த்தால் அந்த எண்ணத்தை மாற்றிக்கொள்வார்கள்.

விவேக்கின் கலையில் குறையே இல்லை என்று நான் வாதாட வரவில்லை. சில படங்களிலே பெண்களின் தோற்றத்தைக் கேலிப்பொருளாக்கிய காட்சிகளும், இரட்டை அர்த்தம் தொனிக்கும் வசனங்களும் உண்டு. அவற்றைக் குடும்பத்தோடு பார்த்தவர்கள் முகம் சுளித்தது நியாயமே. அவருடைய காலத்துச் சினிமா முழுவதையும் பற்றியிருந்த அந்த நோயிலிருந்து அவரும் தப்பவில்லை. வேறு சிலரோ, அவர் ஹாஸ்யம் செய்வதை விட்டுவிட்டு உபதேசம் செய்கிறார் என்று குறை கூறினார்கள். இந்த இரண்டாவது குற்றச்சாட்டை என்னால் ஏற்க முடியவில்லை. சாதி வேற்றுமையையும், மூடப்பழக்கத்தையும், லஞ்சத்தையும், லட்சக்கணக்கானோர் பார்க்கும் படத்திலே ஒருவர் கண்டிக்கத் துணிந்தாரென்றால், அந்தத் துணிவுக்கு அவர் கொடுத்த விலையையும் நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். எல்லாரையும் திருப்திப்படுத்தி, எவர் மனத்தையும் உறுத்தாமல் பிழைத்துப் போகும் வழி எந்த நடிகருக்கும் திறந்தே கிடக்கிறது. அந்த வழியில் அவர் போகவில்லை.

அதைவிட முக்கியம், திரையில் சொன்னதை அவர் தெருவிலும் செய்துகாட்டினார் என்பது. டாக்டர் அப்துல் கலாமிடம் கொண்ட பக்தியால் 'கிரீன் கலாம்' என்ற இயக்கத்தைத் தொடங்கி, ஒரு கோடி மரங்கள் நடுவதென்று சங்கற்பம் செய்துகொண்டு, பள்ளி பள்ளியாகவும் கல்லூரி கல்லூரியாகவும் அலைந்து, தம் மறைவுக்குள் 33 லட்சத்துக்கும் மேற்பட்ட கன்றுகளை நடச் செய்தார். 2015ஆம் ஆண்டிலே தம் இளம் மகனைப் பறிகொடுத்த பெருந்துயருக்குப் பிறகும் அந்த வேலையை அவர் நிறுத்தவில்லை. பிளாஸ்டிக் ஒழிப்புக்கு அரசு அழைத்தபோது முன்வந்தார். கொரோனா தடுப்பூசியைப் பற்றி ஜனங்களுக்கிருந்த பயத்தைப் போக்க, 2021 ஏப்ரல் 15ஆம் தேதி ஓமந்தூரார் அரசு மருத்துவமனைக்குச் சென்று, எல்லாரும் பார்க்கத் தாமே போட்டுக்கொண்டார். மறுநாளே மாரடைப்பு வந்துவிட்டதனால் விபரீதமான வதந்திகள் பரவின. அவருடைய மரணத்துக்குத் தடுப்பூசி காரணமன்று என்று மத்திய அரசின் நிபுணர் குழு பின்னர் ஆராய்ந்து கூறியது. வாழ்நாள் முழுவதும் மூட நம்பிக்கையோடு போராடிய ஒருவரின் சாவையே ஒரு மூட நம்பிக்கைக்கு ஆதாரமாக்க முயன்றது அவருக்கு இழைத்த பெரிய அநீதி என்றே நான் கருதுகிறேன்.

சென்னையிலே அவர் வாழ்ந்த விருகம்பாக்கத்துத் தெரு ஒன்றுக்குச் 'சின்னக் கலைவாணர் விவேக் சாலை' என்று பெயர் சூட்டியிருக்கிறார்கள், மகிழ்ச்சிதான். ஆனால் ஒரு கலைஞனுக்குப் பெயர்ப்பலகை வைப்பதோடு நம் கடன் தீர்ந்துவிடுமா? அவரை உருவாக்கியது ஒரு மேடையென்றால், அடுத்த விவேக்கை உருவாக்க நாம் எங்கே மேடை போட்டு வைத்திருக்கிறோம்? 2005இல் விஜய் தொலைக்காட்சியில் தொடங்கிய 'கலக்கப் போவது யாரு' போன்ற நிகழ்ச்சிகள் சிவகார்த்திகேயன் முதலான பலருக்கு வாசலைத் திறந்துவிட்டன என்பது உண்மை. சென்னை நகரத்து அரங்குகளிலே தமிழில் தனி ஹாஸ்யம் செய்யும் இளைஞர்களும், பாட்டையும் பேச்சையும் கலந்து மேடையை ஆளும் அலெக்சாண்டர் பாபு போன்றவர்களும் இன்று இருக்கிறார்கள். ஆனால் தொலைக்காட்சியின் வாசல் குறுகலானது. நகரத்து அரங்கின் டிக்கெட்டோ எங்கள் ஊர்த் தொழிலாளியின் ஒருநாள் கூலியைக் கேட்பது. கடைசி ரயிலைப் பிடிக்க வேண்டுமே என்ற கவலையோடு கடம்பத்தூரிலிருந்து அங்கே போய் உட்காருபவர் யார்?

எங்கள் ஒன்றியத்தில் திறமைக்குப் பஞ்சமில்லை. 'ஷிப்டு' முடிந்து டீக்கடையில் நிற்கும் நேரத்திலே தம் மேஸ்திரியைப் போலவும், ரயில் நிலைய அறிவிப்பைப் போலவும் பேசிக் காட்டிச் சுற்றியிருப்போரைச் சிரிக்க வைக்கும் பையன்களை நான் பார்த்திருக்கிறேன். தென் மாவட்டங்களிலிருந்தும் வடநாட்டிலிருந்தும் பிழைப்புக்கு வந்தவர்கள் வாடகை அறைகளில் ஐந்தாறு பேராகத் தங்கி வாழும் தொழிற்பேட்டை வாழ்க்கையிலே சொல்லுவதற்கு எத்தனையோ கதைகள் இருக்கின்றன. ஆனால் அவற்றைச் சொல்ல ஒரு மேடையும், கேட்க ஒரு சபையும், நன்றாகச் சொன்னால் தட்டிக்கொடுக்கவும் தவறாகச் சொன்னால் திருத்தவும் பெரியவர்களும் இல்லாமற்போனால், அந்தத் திறமை டீக்கடையோடே முடிந்து போகும். அல்லது பிறர் உருவத்தைக் கேலி செய்து கைப்பேசியில் பதிவிடும் மலிவான வழியில் இறங்கிவிடும்.

ஆகவே ஒரு வேண்டுகோளை முன்வைக்கிறேன். கடம்பத்தூர் ஒன்றியத்து ஊராட்சிகளும், பள்ளிகளும், நூலகங்களும், இப்பகுதித் தொழிற்சாலைகளின் நிர்வாகிகளும் மனம் வைத்தால் மாதத்தில் ஒரு மாலைப்பொழுதை இதற்கு ஒதுக்குவது பெரிய காரியமன்று. ஒரு பள்ளிக்கூடத்து முற்றம், ஒரு ஒலிபெருக்கி, இரண்டு டியூப் லைட், ஐம்பது நாற்காலி போதும். பேச வருபவர் ஆணாயினும் பெண்ணாயினும், உள்ளூர்க்காரராயினும் வெளியூர்க்காரராயினும் ஆளுக்கு ஐந்து நிமிஷம் கொடுக்கலாம். ஒருவரின் பிறப்பையும், உடலமைப்பையும், பெண்மையையும் இழிவு செய்யக்கூடாது என்ற ஒரே விதியைக் கண்டிப்பாக வைத்துக்கொள்ளலாம். எங்கள் பகுதிக் கூத்துக் கலைஞர்களை அழைத்து, கட்டியங்காரன் சபையை எப்படி வசப்படுத்துகிறான் என்று இளைஞர்களுக்குக் கற்றுக்கொடுக்கச் செய்யலாம். நலிந்துவரும் அவர்களுடைய ஜீவனத்துக்கும் அது சிறு உதவியாகும். கூட்டத்துக்கு ஒரு மரக்கன்று என்று கணக்கு வைத்துக்கொண்டால், கூவம் நதி தோன்றும் ஊரைத் தன்னகத்தே கொண்ட எங்கள் ஒன்றியத்தின் ஏரிக்கரைகளுக்கும் கொஞ்சம் நிழல் கிடைக்கும்.

விவேக் பிறந்த நாள் நவம்பர் 19; கலைவாணர் பிறந்த நாள் நவம்பர் 29. இடைப்பட்ட அந்தப் பத்து நாட்களுக்குள் முதல் கூட்டத்தைக் கூட்டிவிடலாம். அதற்கு இடம் தரக்கூடியவர்கள் தாமதியாமல் முன்வர வேண்டும். பேசக்கூடிய இளைஞர்கள் கூச்சப்படாமல் வர வேண்டும். மற்றவர்களாகிய நாம் வந்து முன்வரிசையில் உட்கார்ந்து, மனம் விட்டுச் சிரிக்க வேண்டும்.